வாகையடிக்கு நடந்த முக்காலி

செவ்வாய்க்கிழமை காலை பத்தேகால் மணிக்கு, ஆனைச்சாலை மிளகாய் வத்தல் சந்தையில், எடைமேடைக்குத் தெற்கே இடம் பார்த்து, மட்டம் பார்த்து, மூன்று காலுக்கும் மணல்மூட்டை வைத்து நிறுத்திய கேமரா முக்காலி, வேலுத்தாய் ஒரு டீயைக் குடித்துவிட்டுத் திரும்புவதற்குள், மணல்மூட்டைகளை அங்கேயே விட்டுவிட்டு, நாற்பதடி தள்ளி வடகோடியில் நிற்கிற வாகை மரத்தடிக்குப் போய், கால்களைக் குறுக்கிக்கொண்டு முழங்கால் உயரத்துக்குத் தணிந்து, தரகர்கள் விலை பேசிக் கைகொடுக்கிற பேரக்கல்லைப் பார்த்தபடி நின்றது. அது நடந்து போனதை யாரும் பார்க்கவில்லை. போய் நின்றதைச் சந்தையே பார்த்தது. பார்த்த ஒருவரும் ஆச்சரியப்படவில்லை. இவள் எதற்காக அதை அங்கே கொண்டுபோய் வைத்தாள் என்றுதான் கேட்டார்கள்.

வேலுத்தாய்க்கு வந்த கோபத்தில் டீ டம்ளர் பறந்தது.

"எவன்டா தூக்குனது?"

"அக்கா, நான் உங்க பக்கத்துலதானே நின்னேன். உங்க டீயில பாதியை என் டம்ளர்லதானே ஊத்துனீங்க?" என்றான் ஒளிப்பதிவாளன் தீனதயாளன்.

"அப்ப அதுக்குக் கால் முளைச்சிருச்சாக்கும்?"

"மூணு கால் ஏற்கெனவே இருக்கே அக்கா."

வேறு எந்த இடத்தில் போய் நின்றிருந்தாலும் வேலுத்தாய் நாலு கெட்ட வார்த்தையோடு விட்டிருப்பாள். வாகை மரத்தடி என்பதால்தான் விட முடியவில்லை. ஏனென்றால் ஐம்பத்திரண்டு வருஷத்துக்கு முன்னால், அருளானந்து என்கிற டைரக்டர், பேசினால் குரல் வெளியே வராத ஒல்லி மனுஷன், 'ஒன்பது மூட்டை' என்ற படத்துக்காகத் தன் கேமராவை வைத்தது அதே இடத்தில், அதே உயரத்தில். ஒரு சம்சாரி, வெள்ளாமை பண்ணுகிறவன், ஒன்பது மூட்டை வத்தலோடு சந்தைக்கு வருகிறான். தரகன் தோள் துண்டை எடுத்து இரண்டு பேர் கைக்கும் மேலே போடுகிறான். துண்டுக்குள்ளே விரலைப் பிடித்துப் பிடித்து விலை நடக்கிறது. நான்கு நிமிஷம் கேமரா அசையாது, யார் முகமும் தெரியாது, துண்டு மட்டும் மூச்சு விடுகிற மாதிரி ஏறி இறங்கும். துண்டு விலகிய பிறகு தரகனின் கை போய்விடும், சம்சாரியின் கை மட்டும் கொஞ்ச நேரம் அந்தரத்தில் அப்படியே நிற்கும். அவ்வளவுதான் அந்தக் காட்சி. அதைப் பார்த்துவிட்டு அழாத ஊர் இல்லை, ஆனைச்சாலையைத் தவிர. ஆனைச்சாலைக்காரர்கள் பெண் கேட்டுப் போன இடத்திலெல்லாம் "நீங்க அந்தத் துண்டுக்காரங்கதானே" என்று கேட்கப்பட்டார்கள். அந்தத் தரகனாக வந்தவர் நடிகரும் இல்லை. இப்போது தரகர் சங்கத் தலைவராக இருக்கிற காசிமாயனின் அப்பா. ஒருநாள் கூலிக்குக் கையை மட்டும் கொடுத்தவர். அதன் பிறகு அவர் சாகிற வரைக்கும் அந்தக் கையை ஒரு சம்சாரியும் நம்பிப் பிடிக்கவில்லை.

இதெல்லாம் தெரிந்துதான் வேலுத்தாய் வந்தாள். அவள் படிக்கப்போன பள்ளிக்கூடம் அந்தப் படம் ஒன்றுதான். பத்தொன்பது வயதில் மதுரையில் ஒரு திரைப்படச் சங்கத்தின் ஹாலைக் கூட்டிப் பெருக்குகிற வேலை. சங்கத்தில் சொந்தமாக இருந்தது ஒரே ஒரு படப்பெட்டி. வருகிறவர்களுக்கெல்லாம் அதையே போட்டார்கள். அவள் விளக்குமாற்றைப் பிடித்தபடி சுவரோரம் நின்று அறுபத்தோரு தடவை பார்த்தாள். முகம் பொய் சொல்லும், கை சொல்லாது. மறைத்துவைத்தால்தான் கூட்டம் எட்டிப் பார்க்கும். முதலில் அசைகிறவன் தோற்றான். இந்த மூன்றையும் அந்தப் படத்திலிருந்து எடுத்துக்கொண்டு, சினிமாக் கம்பெனிகளுக்குப் படம் எடுக்க இடம் பிடித்துக் கொடுக்கிற வேலைக்குப் போய், பதினெட்டு வருஷம் பேரம் பேசி, கல்யாண மண்டபத்துக்காரன் முதல் கல்குவாரிக்காரன் வரை ஒருத்தனையும் முகம் பார்க்காமல் கையைப் பார்த்தே பேசி, தோற்காமல் வந்தவள். இப்போதுதான் முதல் முறையாகச் சொந்தமாக ஒரு படம். சந்தைக் காட்சி அதன் வயிறு. "சந்தை கிடைச்சா நீ டைரக்டர். கிடைக்கலைன்னா கதையை வேற ஆளுகிட்டக் குடுத்துருவேன்" என்று முதலாளி பல்லைக் குத்திக்கொண்டே சொல்லியிருந்தான்.

கிடைத்தது. சும்மா கிடைக்கவில்லை. காசிமாயன் அவளைப் பேரக்கல்லுக்கே கூப்பிட்டு, துண்டைப் போட்டு, கையைப் பிடித்தார். அவள் பத்து நாள் கேட்டு ஆரம்பித்தாள். அவர் இரண்டில் நின்றார். துண்டு ஏறி இறங்கி ஏறி இறங்கி நான்கு விரலில் வந்து முடிந்தது. செவ்வாய் முதல் வெள்ளி வரை. ஒரே ஒரு நிபந்தனையை மட்டும் அவர் துண்டை எடுத்த பிறகு, எல்லார் காதிலும் விழுகிறபடி சொன்னார்.

"வாகையடியில கேமரா நிக்கக்கூடாது. அந்த ஆளு நின்ன இடத்துல நின்னு எங்களைப் பாக்கக்கூடாது. சம்மதமா தாயி?"

"சம்மதம் அண்ணாச்சி."

கல்லில் கைகொடுத்துச் சொன்ன வார்த்தையை மீறுகிறவருக்கு அந்தச் சந்தையில் அப்புறம் ஒருவரும் கை கொடுக்கமாட்டார்கள். அது அங்கே சட்டத்துக்கு மேலே.

சொல்லி முடித்த மறுநாளே முக்காலி நடந்துவிட்டது. வேலுத்தாய் அதைத் தூக்கிக்கொண்டுவந்து பழைய இடத்தில் வைத்தாள். மத்தியானம் மறுபடி வாகையடி. புதன்கிழமை ஆறு பேரைச் சுற்றி நிறுத்தி, கண்ணை எடுக்காமல் பாருங்கள் என்றாள். வத்தல் சந்தையில் கண்ணை எடுக்காமல் பார்ப்பது நடக்கிற காரியமா? எங்கேயோ ஒரு மூட்டையைத் தட்டினார்கள், நெடி கிளம்பியது, ஒருவன் தும்மினான், அடுத்தவன் தும்மினான், ஆறு பேரும் ஒரே சமயத்தில் கண்ணை மூடித் தும்மித் திறந்தபோது முக்காலி வாகையடியில் குந்தியிருந்தது. வியாழக்கிழமை காலையில் நாற்பது மூட்டை ஏற்றிய லாரியின் பின் கொக்கியோடு தேங்காய் நார்க் கயிற்றால் கட்டிவைத்தார்கள். ஒரு பெரிய தும்மல் அலை வந்து ஓய்ந்த பிறகு பார்த்தால், லாரி வாகை மரத்தில் முட்டிக்கொண்டு நின்றது. டிரைவர், "நான் ஹேண்ட் பிரேக் போட்டேன், போட்டேன்" என்று எல்லாரிடமும் சத்தியம் பண்ணிக்கொண்டு திரிந்தான்.

இதற்குள் சந்தை முக்காலிக்குப் பழகிவிட்டது. முக்காலி நடப்பதில் அவர்களுக்கு வருத்தமில்லை. மாடு நடக்கிறது, ஆடு நடக்கிறது, இது நடந்தால் என்ன. எதைப் பார்க்க நடக்கிறது என்பதுதான் சந்தேகம். அது துண்டுக்குள்ளே ஊடுருவிப் பார்க்கும் என்று ஒரு பேச்சு கிளம்பியது. தரகர்கள் ஒற்றைத் துண்டை இரட்டையாக மடித்தார்கள். அதுவும் போதாது என்று ஒருவர் கம்பளிப் போர்வை கொண்டுவந்தார். அடுத்தவர் ஜமுக்காளம் கொண்டுவந்தார். கடைசியில் இரண்டு பேர் ஒரு கல்யாண ஜமுக்காளத்துக்குள் தலையோடு புகுந்து, வியர்த்து வழிந்து விலை பேசினார்கள். அவ்வளவு மூடுகிறார்கள் என்றால் அவ்வளவு திருட்டு இருக்கிறது என்று சம்சாரிகள் சந்தேகப்பட்டார்கள். சம்சாரிகள் சந்தேகப்படுகிறார்கள் என்றால் மூட்டைக்கு அடியில் ஈரவத்தலை வைத்திருப்பார்கள் என்று தரகர்கள் சந்தேகப்பட்டார்கள். ஒருவர் முக்காலியின் நிழல் தன் மூட்டைமேல் விழுந்ததென்று சண்டைக்கு வந்தார். இன்னொருவர் விழவில்லையென்று சண்டைக்கு வந்தார். மூன்று நாளில் வேலுத்தாய் எடுத்தது ஒரு காட்சிகூட இல்லை.

அவள் சந்தேகமும் சளைத்ததல்ல. லாரி டிரைவரைச் சந்தேகப்பட்டாள். டீக்கடைக்காரரைச் சந்தேகப்பட்டாள். சங்கமே ஆள் வைத்துத் தூக்குகிறது, வாக்கு மீறினாள் என்று சொல்லி விரட்டத்தான் இத்தனையும் என்று நினைத்தாள். வியாழன் மத்தியானம், புளிச்சோற்றுப் பொட்டலத்தைப் பிரித்தபடி தீனதயாளனைச் சந்தேகப்பட்டாள்.

"ஒனக்கும் அந்தப் படம் பிடிக்குமில்ல?"

"அக்கா, கோவிச்சுக்காம கேளுங்க. இந்த மூணு நாள்ல நீங்க எந்த இடத்துல வைக்கச் சொன்னாலும், கண்ணை வச்சுப் பாத்துட்டு என்ன சொன்னீங்க தெரியுமா? 'இன்னும் கீழ எறக்கு.' 'இன்னும் வடக்கால தள்ளு.' நான் தள்ளிக்கிட்டே இருந்திருந்தா சாயங்காலத்துக்குள்ள நாமளே அங்கதான் போய் நின்னிருப்போம். அதுக்குப் பொறுமை இல்ல, முன்னாடியே போயிருது."

பொட்டலத்தை அவன் தலையில் கவிழ்க்கலாமா என்று வந்தது அவளுக்கு. கவிழ்க்கவில்லை. அவன் போனில் இருந்த சோதனைக் காட்சிகளை வாங்கி ஒவ்வொன்றாகத் தள்ளிப் பார்த்தாள். எடைமேடை, முழங்கால் உயரத்திலிருந்து. சாக்கு தைக்கிறவன், தலை இல்லாமல், கைகள் மட்டும். டீ ஆற்றுகிறவர், தலை இல்லாமல், கைகள் மட்டும். ஒவ்வொன்றும் தன் கண்ணால் பார்த்து, தன் வாயால் சொல்லி எடுத்தது என்றுதான் நினைத்திருந்தாள். இத்தனை பேரைச் சந்தேகப்பட்டவள், சந்தேகப்படாமல் விட்டது தன் கண் ஒன்றைத்தான்.

மூன்று மணிக்குச் சங்கம் கூடிவிட்டது. முக்காலி வாகையடியில் குந்தியிருக்க, தரகர்கள் அதற்கு முன்னால் அரைவட்டமாக நிற்க, காசிமாயன் துண்டை உதறித் தோளில் போட்டார். கை கொடுத்த பேச்சு முடிந்தது என்று அர்த்தம்.

"தாயி, ஒன் முக்காலி நடக்குதுங்கறதை நான் நம்புறேன். லாரி நகந்ததையும் நம்புறேன். நீ சொல்லாம அது நடக்குதுங்கறதைத்தான் நம்பல."

"நான் ஏன் அண்ணாச்சி சொல்லப் போறேன்? என் பொழப்பு இதுலதான் தொங்குது!"

"எங்கப்பன் பொழப்பும் இந்த எடத்துலதான் தொங்குச்சு. கெளம்பு."

அப்போதுதான் மரத்துக்குப் பின்னாலிருந்து ஒரு சிரிப்புக் கேட்டது. வாகை மரத்துக்கு வடக்கே, வத்தல் குவியல்களைச் சுற்றி, நாற்பது பெண்கள் உட்கார்ந்து காம்பு கிள்ளிக்கொண்டிருந்தார்கள். மூன்று நாளாக அவர்களும் அங்கேதான் இருந்தார்கள். சிரித்தவள் இருளாயி, ஐம்பது வயதுக்காரி, சேலைத்தலைப்பால் மூக்கைக் கட்டியிருந்தாள்.

"எந்தச் சினிமாக்காரங்க வந்தாலும் எங்களுக்கு ஒங்க முதுகுதான் டைரக்டரம்மா. அன்னைக்கும் எங்க ஆத்தாளுக இங்கதான் இருந்தாளுக. சத்தம் வரக்கூடாதுன்னு சொல்லிட்டாராம். வாயில சேலையைத் திணிச்சுக்கிட்டு, கண்ணுல தண்ணி வடிய, நாலு நிமிசம் தும்மாம உக்காந்திருந்தாளுக. அந்த மனுசன் திரும்பிக்கூடப் பாக்கல. நீயும் பாக்காத, போ."

வேலுத்தாய் நின்றுவிட்டாள். அறுபத்தோரு தடவை. துண்டின் மடிப்பு ஒவ்வொன்றும் தெரியும் அவளுக்கு, எந்த நொடியில் காற்று வந்து சாக்கு நூல் ஆடும் என்று தெரியும், ஆனால் அந்த அமைதியை யார் தொண்டையை நெரித்து வாங்கினார்கள் என்று ஒரு தடவைகூடக் கேட்கத் தோன்றவில்லை. பதினெட்டு வருஷத்தில் யார் யார்மீதோ பாய்ந்த கோபம், முதல் முறையாக அருளானந்துமீது பாய்ந்தது. செத்துப்போன மனுஷனிடம் எப்படிச் சண்டை போடுவது? அவள் முக்காலிக்குப் போனாள். காலைத் தொடவில்லை. தலையைப் பிடித்து, எண்ணெய் காணாத செக்கு மாதிரி அது முனக முனக, அரைவட்டம் திருப்பினாள். கேமரா பேரக்கல்லுக்கு முதுகைக் காட்டிக்கொண்டு பெண்களைப் பார்த்தது.

"அண்ணாச்சி, என்ன சொன்னீங்க? அந்த எடத்துல நின்னு ஒங்களைப் பாக்கக்கூடாதுன்னுதானே? இப்ப எங்க பாக்குது?"

"நிக்கக்கூடாதுன்னும் சொன்னேன்."

"நிக்கறதை நிறுத்த ஒங்களாலயும் முடியாது, என்னாலயும் முடியாது. லாரியாலயே முடியல. துண்டைப் போடுங்க. திருப்பிப் பேசுவோம்."

சூரியன் இறங்குவதற்குள் என்றால் அறுந்த பேச்சை ஒரு தடவை திருப்பிப் பேசலாம், அது சந்தையின் வழக்கம். கேட்டால் மறுக்க முடியாது. காசிமாயன் துண்டைப் போட்டார். அவள் விரல்களை அவர் கல்லாகப் பிடித்தார். துண்டு வெகுநேரம் அசையவில்லை. பிறகு ஒரே ஒரு விரலை மட்டும் பிடித்துக்கொண்டு மற்றதை விட்டார்.

"நாளைக்கு ஒருநாள். அந்தக் கண்ணாடி ஒரு தடவை கல்லுப் பக்கம் திரும்புச்சுன்னா, நீ திருப்புனாலும் சரி, தானா திரும்புனாலும் சரி, பெட்டியைக் கட்டிக்கிட்டுப் போயிரணும். இன்னொரு தடவை கேக்க வரக்கூடாது."

"சரி."

"எங்ககிட்ட யாரு கேட்டா?" என்றாள் இருளாயி. "நாங்க என்ன காட்சிப் பொருளா? எதுக்கு எங்களைப் புடிக்கிற? எங்களை என்னன்னு சொல்லப் போற?"

வேலுத்தாய் போய் அவள் முன்னால் உட்கார்ந்து கையை நீட்டினாள். துண்டில்லை, இருளாயி தன் சேலைத்தலைப்பை அவிழ்த்து இரண்டு கைக்கும் மேலே போட்டாள். நாற்பது பேரும் கிள்ளுவதை நிறுத்தினார்கள். இருளாயி எந்த விரலையும் பிடிக்கவில்லை. உள்ளங்கையை உள்ளங்கையில் அழுத்தி, வத்தல் எரிச்சல் ஏறுகிற வரைக்கும் வைத்திருந்தாள்.

"மூஞ்சியைக் காட்டணும். கையை மட்டும் காட்டிட்டுப் போயிராத. 'எங்கப்பன் கையை ஊரெல்லாம் பாத்துச்சு'ன்னு காசிமாயண்ணன் அழுவாரு. அவங்கப்பன் மூஞ்சியைக் காட்டியிருந்தா, அந்தாளு எவ்வளவு வெக்கப்பட்டு நின்னாருன்னு ஊருக்குத் தெரிஞ்சிருக்கும்ல? எங்க ஆத்தா பாத்துச்சாம்."

காசிமாயன் எங்கேயோ பார்த்தார்.

முகம் பொய் சொல்லும் என்று சொல்ல வாய் வரை வந்தது வேலுத்தாய்க்கு. எரிகிற கையை உதறிக்கொண்டு, "சரிக்கா" என்றாள். அந்தச் சரியை அவளே நம்பவில்லை.

வெள்ளிக்கிழமை காலை முக்காலியை ஒரு முழம் உயர்த்தினார்கள். ஒவ்வொரு திருகை விடும்போதும் அது ஒரு விரல்கடை இறங்கியது, மறுபடி உயர்த்தினார்கள். பேரக்கல்லில் ஒரு சம்சாரியும் ஒரு தரகரும் கை கொடுத்தார்கள், இந்த முறை வெறும் துண்டுதான், கேமரா அந்தப் பக்கம் பார்க்கவில்லையே. வேலுத்தாய் கேமராவுக்கு அருகே தரையில் உட்கார்ந்தாள். சின்னத் திரையில் நாற்பது முகங்கள். இத்தனை முகத்தை அவள் எப்போதும் ஒன்றாகப் பார்த்ததில்லை. எங்கே கண்ணை வைப்பதென்று தெரியாமல் தவித்தாள்.

"ஓடட்டும்."

பெண்கள் கிள்ளினார்கள். யாரும் கல்லை நிமிர்ந்து பார்க்கவில்லை. ஆனால் கல்லில் நடப்பது அத்தனையும் அவர்கள் முகத்தில் வந்தது. வேலுத்தாயின் முதுகுக்குப் பின்னால், கல்லில், சம்சாரி செருமினான். ஒரு கிழவி உதட்டைச் சுழித்தாள். பேச்சு நின்றது, இரண்டு பேர் கிள்ளுவதை நிறுத்தினார்கள். "எறங்கிட்டான்" என்றாள் ஒருத்தி மெதுவாக. "இல்ல, தரகுதான் யோசிக்குது, காலை மாத்தி நிக்கிற சத்தம் கேக்கல?" என்றாள் இன்னொருத்தி. இருளாயி கண்ணை மூடினாள். விலை முடிகிறபோது ஒரு மனுஷன் விடுகிற மூச்சுக்காகக் காத்திருக்கிற முகம் அது. வேலுத்தாய் திரைக்கு இன்னும் கிட்டே குனிந்தாள். அதே பேரம்தான். துண்டைக்கூடக் காட்டவில்லை.

இந்தப் பக்கம் தரகர்களுக்கு இருப்புக் கொள்ளவில்லை. அங்கே என்ன பேசுகிறார்கள்? நம்மைப் பற்றித்தானே பேசுகிறார்கள்? ஒருவர் வேடிக்கை பார்க்கிற மாதிரி நடந்து வந்தார். இன்னொருவர் பீடிக்கு நெருப்புக் கேட்கிற சாக்கில் வந்தார். ஐம்பத்திரண்டு வருஷமாகத் தங்களைப் படம் பிடிக்கக்கூடாது என்றவர்கள், ஒவ்வொருவராகப் படத்துக்குள் வந்து, பெண்களுக்குப் பின்னால் முகத்தோடு நின்றார்கள். கடைசியாகக் காசிமாயன் வந்தார்.

"என்ன அண்ணாச்சி, இன்னைக்கு எங்க பக்கம்?" என்றாள் இருளாயி.

"வத்தல் காஞ்சிருக்கான்னு பாக்க வந்தேன்."

"பாருங்க, பாருங்க. நாங்களும் காஞ்சுதான் கெடக்கோம்."

நாற்பது பேரும் சிரித்தார்கள். காசிமாயன் சிரிக்கக்கூடாது என்று இருந்து, முடியாமல் தலையைக் குனிந்தார். அந்த நேரம் பார்த்து ஒரு குவியல் சரிந்தது. நெடி எழுந்தது. கடைக்கோடியில் ஒருத்தி தும்மினாள், யாரும் அவளை வாயைப் பொத்தச் சொல்லவில்லை, அடுத்தவள் தும்மினாள், தும்மல் வரிசையாக ஏறி வந்தது, தரகர்களைப் பிடித்தது, தீனதயாளனைப் பிடித்தது. வேலுத்தாய்க்கும் மூக்குச் சுருங்கியது. கண் மூடப்போகிறது என்று தெரிந்தது. ஒரு தடவை திரும்பினால் போயிற்று. அவள் இரண்டு கையாலும் முக்காலியின் ஒரு காலை இறுக்கிப் பிடித்துக்கொண்டு தும்மினாள்.

மூடிய கண்ணின் இருட்டில் அது அசைந்தது. இரும்பு அசைகிற மாதிரி இல்லை. பிடிவாதக்கார மனுஷன் ஒருவன் குரல் எழுப்பாமல் இழுக்கிற மாதிரி இழுத்தது. கீழே, இன்னும் கீழே. கல்லைப் பார்க்க, இன்னும் கொஞ்சம் திரும்பி. அந்த இழுப்பு அவளுக்குப் புதிதாக இல்லை. பதினெட்டு வருஷமாக அவள் தோளில் இருந்த அதே இழுப்பு. தன் பலம் என்று நினைத்திருந்தாள்.

"அய்யா, நீங்க பாத்தாச்சு" என்றாள் வேலுத்தாய், கண்ணைத் திறக்காமல். "கொஞ்சம் பொறுங்க. நான் பாக்கணும்."

அது இழுத்தது. அவள் எதிர்ப்பக்கம் இழுத்தாள். கையிலிருந்த வத்தல் எரிச்சல் முழங்கை வரை ஏறியது. தும்மி முடித்துக் கண்ணைத் திறந்தபோது, சின்னத் திரையில், கண்ணீர் வழிகிற இருளாயியின் முகம் நேராக அவளைப் பார்த்துக்கொண்டிருந்தது. இவள் சொன்னதைச் செய்வாளா மாட்டாளா என்று இன்னும் நம்பாத முகம்.

"கட் சொல்லட்டுமாக்கா?" என்றான் தீனதயாளன், மூக்கை உறிஞ்சியபடி.

"வாயை மூடு. ஓடட்டும்."

முக்காலி மறுபடி இழுத்தது. அவள் காலை விடவில்லை.